மொழிக் கட்டம் வேண்டாம்: தலைமைக் களஞ்சியத்துக்கு எல்லைக் கிளையின் திறந்த மடல்

சொல் காக்கும் கூட்டத்தின் தலைமைக் களஞ்சியக் கண்காணிகளுக்கு, தமிழ்நாடு-கேரள எல்லையிலுள்ள களியக்காவிளைக் கிளையார் வணக்கத்துடன் எழுதுவது.

ஊர் வாயில் வரும் சொல்லைக் கலயத்தில் பிடித்து உங்கள் பரணுக்கு அனுப்புவது எங்கள் வேலை. இனி உழக்களவுச் சிறு கலயத்தில் ஒரே ஒரு சொல், அதுவும் தமிழா மலையாளமா என்று மொழிக் கட்டத்தில் குறித்த சீட்டு ஒட்டித்தான் அனுப்ப வேண்டும் என்ற ஆணை வந்து சேர்ந்தது. அப்படி அனுப்பினால் உங்கள் பரணில் பாதிக் கலயம் புளித்துப்போகும்.

பிடிக்கும் முறையிலிருந்தே சொல்ல வேண்டும். "இதை என்னன்னு சொல்லுவீங்க?" என்று கேட்டுப் பிடித்தால் பள்ளிக்கூடச் சொல்தான் கலயத்தில் விழும். வெளியூர்க்காரர் கேட்டால் 'பதநீர்' என்கிற வாய்தான் அயல்வீட்டில் 'அக்கானி' என்கிறது. ஆகவே கேட்கக் கூடாது. கோடையில் விடியுமுன் பனைவிளைக்குப் போய்ப் பேசாமல் உட்கார வேண்டும். பாளையை நசுக்கும் கடிப்பும் அதைச் சீவும் பாளை அரிவாளும் கைமாறும்போதுதான் அவற்றின் பெயர் தானாக வாயில் வரும். கலயத்தை முகத்துக்கு நேரே நீட்டினால் பேச்சு நின்றுவிடும். ஒரு முழம் தள்ளி, பக்கவாட்டில் சாய்த்துப் பிடிக்க வேண்டும்.

காய்ச்சும் இடம் இன்னும் நல்லது. அக்கானி குறுகிக் கருப்பட்டி ஆகும் வழியில் கூப்பனி என்றொரு பதம் உண்டு. அந்தப் பதம் தாண்டிப் பாகு சிரட்டையில் ஊற்றப்பட்டதும் அந்தச் சொல்லுக்கு அன்றைக்கு வேலை முடிந்தது. அடுப்பு அணைந்தபின் போகிறவருக்கு அது கிடைக்காது.

அடுத்தது சுண்ணாம்பு. அக்கானி புளிக்காமலிருக்கக் கலயத்துக்குப் பூசுவது போலத்தான் இதற்கும்: இரண்டு உழக்குக் கொள்ளும் உரிக் கலயத்துக்குக் கொட்டைப்பாக்களவு, உட்புறம் மட்டும், மெல்லிய பூச்சு. குறைந்தால் சொல் நுரைக்கும். மூன்றாம் நாள் ஆளுக்கொரு பொருள் சொல்வார்கள். கூடினால் இறுகிப்போய் அகராதி நடையில் பேசும், எந்த ஊர் வாயிலிருந்து வந்தது என்ற ஓசையே இருக்காது. தலைமையிலிருந்து மாதிரிக்கு வரும் கலயங்களில் இந்த இரண்டாவது குறைதான் அதிகம்.

உழக்கு ஏன் போதாது என்றால், சொல்லோடு அதற்கு முந்தின வாக்கியமும் பிந்தின வாக்கியமும் இடையில் விட்ட மூச்சும் உள்ளே போக வேண்டும். அதற்கு இரண்டு உழக்காவது, அதாவது ஒரு உரி, பிடிக்கும். உழக்கில் அடைத்தால் மூச்சுதான் முதலில் வெளியேறும். அப்புறம் அது அதட்டலா கொஞ்சலா என்று எவராலும் சொல்ல முடியாது. மூடிக்குப் பனையோலை, விளிம்புக்குத் தேன்மெழுகு. இதில் உங்கள் பழைய விதியே சரி.

இனி மொழிக் கட்டம். விளவங்கோடும் நெய்யாற்றின்கரையும் திருவிதாங்கூர்-கொச்சியின் தாலுகாக்களாக ஒன்றாய்க் கிடந்தவை. 1956 நவம்பர் 1-இல் முன்னது சென்னை மாநிலத்துக்கும் பின்னது கேரளத்துக்கும் போயின. வாய்கள் இருந்த இடத்திலேயே இருந்தன. மரச்சீனி (மரவள்ளிக்கிழங்கு), சக்கை (பலா) என்ற சொற்கள் இந்தப் பக்கம் மார்த்தாண்டத்திலும் உண்டு, அந்தப் பக்கம் பாறசாலையிலும் உண்டு. இவற்றுக்கு எந்தச் சீட்டு? தமிழ் என்று ஒட்டினால் மலையாள அடுக்கில் தேடுகிறவருக்குக் கிடைக்காது. இரண்டாகப் பிரித்து அடைத்தால் ஒவ்வொன்றிலும் பாதி ஓசைதான் தங்கும். எல்லைக் கோட்டை நிலத்தில் போட்டவர்களே இவ்வளவு துல்லியம் கேட்டதில்லை!

சீட்டில் உண்மையிலேயே வேண்டியவை நான்கு: யார் யாரிடம் என்ன உறவில் சொன்னது, சொன்னபோது கையில் என்ன இருந்தது, எந்த ஊர், எந்த மாதம். உறவுமுறை விட்டுப்போனால் அந்தக் கலயத்தைத் திருப்பி அனுப்புங்கள், ஏற்கிறோம். மாமியாரிடம் சொன்ன சொல்லும் மதினியிடம் சொன்ன சொல்லும் எழுத்தில் ஒன்றாக இருந்தாலும் ஒரே அடுக்கில் நிற்காது.

ஆணை திருத்தப்படும்வரை எங்கள் கலயங்கள் உரியளவிலேயே வரும், மொழிக் கட்டம் வெறுமையாக இருக்கும். அடுத்த பனைக் காலத்துக்குள் புதிய சீட்டு அச்சிட்டு அனுப்புங்கள். இருநூறு போதும். பசை வேண்டாம், ஈரத்தில் பூஞ்சை பிடிக்கிறது. நாரில் கோத்துக் கட்ட ஓரத்தில் ஒரு துளை இருந்தால் சரி.

இப்படிக்கு,
எல்லைக் கிளையார்