ஞாயிறு இரவுப் பேச்சு: மலங்கரை சபை வழக்கு

எல்லோருக்கும் வணக்கம். ஞாயிறு இரவு 8 மணி அழைப்பில் கேரளத்து ஆர்த்தடாக்ஸ் – யாக்கோபாய வழக்கைப் பேசலாம். மலங்கரை சபை என்பது கேரளத்தின் பழைய சிரியக் கிறிஸ்தவ சபை; அதில் பிரிந்து நிற்கும் இரு தரப்புகள்தான் இவை, தேவாலயங்கள் யார் கையில் என்பதுதான் சண்டை. நேற்று குழுவில் சூடு கொஞ்சம் கூடிவிட்டது, அதனால் அடிப்படையை மட்டும் சொல்லிவிடுகிறேன்.

2017 ஜூலை 3 அன்று உச்ச நீதிமன்றம், சபையின் தேவாலயங்கள் சபையின் சொந்த 1934 சட்டவிதிப்படிதான் நடக்க வேண்டும், ஒரே ஆலயத்தில் இரட்டை நிர்வாகம் கூடாது என்று ஆர்த்தடாக்ஸ் தரப்புக்குச் சாதகமாகத் தீர்த்தது. அதுவரை சில ஊர்களில் இரு தரப்பும் முறைவைத்து ஆராதனை நடத்தி வந்தார்கள். தீர்ப்பு சொல்வது சுலபம், சாவியை வாங்குவதுதான் பாடு! 2019இல் பிறவம் என்ற ஊரின் தேவாலயத்தில் கதவைப் பூட்டி உள்ளே உட்கார்ந்த யாக்கோபாய தரப்பினரைப் போலீஸ் வெளியேற்ற வேண்டியிருந்தது.

என்னைக் கேட்டால், தேவாலயக் கல்லறையில் யாரை அடக்கம் செய்யலாம் என்ற சண்டைதான் இதில் மிகக் கொடுமை. சவப்பெட்டியோடு வாசலில் காத்திருந்த குடும்பங்கள் உண்டு. 2020இல் கேரள அரசு தனிச் சட்டமே போட்டது: முன்னோர் கல்லறையில் அடக்கம் செய்யலாம், இறுதிச் சடங்கை விருப்பமான பாதிரியாரை வைத்து வேறிடத்தில் நடத்திக்கொள்ளலாம்.

எந்தச் சபை உண்மையான சபை என்ற விவாதம் வேண்டாம். அப்புறம், தீர்ப்பை முடிந்தவரை படித்துவிட்டு வாருங்கள்.

— அட்மின்