வழக்குப் போடும் முன்னால், அம்மிணி

அன்புள்ள அம்மிணிக்கு,

பணி நிரந்தரம் கேட்டு வழக்குப் போடலாமா மாமா என்று கேட்டிருந்தாய். போடு என்றுதான் சொல்வேன். ஆனால் எதைச் சொல்லிப் போடுவது என்பதில் நம் ஆட்கள் பலர் கோட்டை விடுகிறார்கள். காங்கேயம், தாராபுரம் பக்கம் அரசுப் பள்ளிகளில் பகுதிநேரமாகத் தையலும் ஓவியமும் உடற்கல்வியும் சொல்லிக் கொடுக்கிற பலருக்கு இதே கேள்வி இருப்பதால் பதிலைப் பொதுவிலேயே எழுதுகிறேன்.

உன் கஷ்டம் எனக்குத் தெரியும். 2012ல் பகுதிநேர ஆசிரியர்கள் 16,549 பேரை எடுத்தபோது வாரத்துக்கு மூன்று அரை நாள், மாதம் 5,000 ரூபாய் என்று சேர்ந்தாய். 7,000, 7,700, 10,000 என்று ஊர்ந்து 2024ல் 12,500க்கு வந்தது. இத்தனை வருடமும் மே மாதம் சம்பளம் இல்லாமலே ஓட்டினாய். அரசுப் பள்ளியில் தையல் சொல்லிக் கொடுக்கிற டீச்சர், அந்த ஒரு மாதம் திருப்பூருக்குப் பஸ் ஏறி பனியன் கம்பெனியில் பவர் டேபிள் தையல் மெஷினில் உட்கார்ந்தாய். நினைத்தாலே எனக்கு ஆத்திரம் வருகிறது. பணி நிரந்தரம் 2021 திமுக தேர்தல் அறிக்கையில் 181வது வாக்குறுதியாக வந்தபோது நீ எவ்வளவு சந்தோஷப்பட்டாய் என்பதும் ஞாபகம் இருக்கிறது.

ஆனால் இதையெல்லாம் மனுவில் பத்துப் பக்கம் எழுதினாலும் நீதிபதி கேட்கப்போவது வேறு. எந்தப் பணியிடத்தில், எந்த முறையில் வேலைக்கு வந்தாய்? 2006 ஏப்ரல் 10 அன்று உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்புச் சொன்னதிலிருந்து இந்தக் கேள்வியைத் தாண்டி யாரும் போக முடியவில்லை. முறையாகத் தேர்வு செய்யப்படாதவர்களை நிரந்தரமாக்கச் சொல்லி நீதிமன்றங்கள் உத்தரவிடக் கூடாது. அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், அதாவது அரசு முறைப்படி ஒப்புதல் தந்து உருவாக்கிய இடத்தில், உரிய தகுதியோடு, நீதிமன்ற உத்தரவின் துணையில்லாமல் பத்து வருடம் வேலை பார்த்தவர்களை மட்டும் ஒரே ஒரு தடவை வரன்முறை செய்யலாம், அதாவது நிரந்தரமாக்கலாம் என்றார்கள்.

அதே வருடம் ஜூன் 1 முதல்தான் எங்களை நிரந்தரம் செய்தார்கள். படிகள் எதுவும் இல்லாமல் மாதம் மொத்தமாக 4,000 ரூபாய் என்ற தொகுப்பூதியத்தில் பட்டதாரி ஆசிரியராகச் சேர்ந்தவன் நான். எங்களுக்குக் கிடைத்தது உனக்கு ஏன் கிடைக்கவில்லை என்று கேட்கிறாய். நாங்கள் ஆசிரியர் தேர்வு வாரியம் வழியாக, காலிப் பணியிடத்துக்கு வந்தவர்கள். அரசே முடிவெடுத்து ஆணை போட்டது. தொகுப்பூதியக் காலம் பணிக்காலத்தில் சேராமல் போன வருத்தம் எங்களுக்கு உண்டு என்றாலும், வேலை நிலைத்தது. உன்னை எடுத்ததோ அப்படி ஒரு பணியிடத்துக்கு இல்லை, அனைவருக்கும் கல்வி இயக்கத் திட்டப் பணத்தில்.

இப்போது வழக்கு எப்படிப் போகும் என்று சொல்கிறேன். அரசை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடுகிற ரிட் மனுவுக்கு நம் பக்கத்து ஆட்கள் ஏற்காடு எக்ஸ்பிரஸ் பிடித்துச் சென்னைக்குத்தான் போக வேண்டும். கரூர்க்காரர்களுக்கு மதுரைக் கிளை. முதல் உத்தரவு பெரும்பாலும், மனுதாரரின் கோரிக்கையைப் பரிசீலித்து இத்தனை வாரத்துக்குள் முடிவெடுக்கவும் என்றுதான் வரும். உடனே வாட்ஸாப் குழுவில் ஜெயித்துவிட்டோம் என்று மாலை படம் போடுவார்கள். அது ஜெயிப்பு இல்லை. கெடு முடிகிற சமயத்தில் துறையிலிருந்து ஒரு கடிதம் வரும். பணி முற்றிலும் தற்காலிகமானது, திட்டத்தின் கீழ் வருவது, பகுதிநேரமானது, எனவே உமாதேவி தீர்ப்பின்படி கோரிக்கை நிராகரிக்கப்படுகிறது. நான் பார்த்த கடிதங்களில் பெயரும் பள்ளியும்தான் மாறியிருந்தன. அந்தக் கடிதத்தை எதிர்த்துப் போடுகிற இரண்டாவது ரிட்தான் உன் உண்மையான வழக்கு. பாதிப் பேர் அங்கே கைக்காசு தீர்ந்து நின்றுவிடுகிறார்கள். கடைசிவரை போகிற அளவுக்குச் சேர்ந்து பணம் போடுங்கள்.

அந்தக் கடிதத்தில் உனக்குப் பெரிய இடைஞ்சல் பகுதிநேரம் என்பதுதான். 2021ல் இல்மோ தேவி வழக்கில், பகுதிநேரத் துப்புரவுப் பணியாளர்கள் அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில் இல்லை, அதனால் நிரந்தரம் கேட்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அரசு வக்கீல் இதைத்தான் முதலில் எடுப்பார். ஆனால் 2024 டிசம்பர் 20 அன்று ஜக்கோ வழக்கில், மத்திய நீர் ஆணையத்தில் பகுதிநேரம் என்று எடுக்கப்பட்டுப் பல வருடம் உழைத்த துப்புரவுப் பணியாளர்கள் உள்ளிட்டோரை நிரந்தரம் செய்யச் சொல்லியிருக்கிறது அதே நீதிமன்றம். எப்போதும் தேவைப்படுகிற வேலையை வருடக்கணக்கில் வாங்கிக்கொண்டு, உமாதேவியைக் காட்டி விரட்டக் கூடாது என்பது அதன் சாரம். இரண்டு தீர்ப்பையும் உன் வக்கீலே முன்வைக்கட்டும். இல்மோ தேவியை மறைத்தால் நம் மேல்தான் நம்பிக்கை போகும்.

இன்னொன்று. 2009 கல்வி உரிமைச் சட்டத்தின் அட்டவணையைப் படித்துப் பார். ஆறு முதல் எட்டு வரை 100 பிள்ளைகளுக்கு மேல் இருந்தால் கலை, உடற்கல்வி, பணிக்கல்விக்கு (தையல் போன்ற கைவேலை) பகுதிநேரப் பயிற்றுநர்கள் இருக்க வேண்டும் என்கிறது. பகுதிநேரம் என்று சட்டமே சொல்கிறதே என்பார்கள். சரி, சொல்லட்டும். சட்டமே இருந்தாக வேண்டும் என்கிற வேலை எப்படித் தற்காலிகமாகும் என்று நாம் திருப்பிக் கேட்கலாம்.

அப்புறம், காகிதம். நேர்காணல் அழைப்புக் கடிதம், முதல் நியமன ஆணை, ஒவ்வொரு வருடமும் நீட்டித்த ஆணை, சம்பளம் ஏறிய வங்கிப் பாஸ்புக் எல்லாம் வேண்டும். அரை நாள் வேலை என்பது ஏட்டில்தான் என்று காட்ட வருகைப் பதிவேடும், கணக்கு டீச்சர் லீவு போட்ட நாளில் உன்னை எட்டாம் வகுப்புக்கு அனுப்பிய மாற்று வகுப்பு நோட்டும் முக்கியம். தலைமையாசிரியர் எழுதித் தரப் பயப்படுவார். அவரைக் குறை சொல்லாதே. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் சான்றிட்ட நகல் கேள். நோட்டு பழையதாகிக் கழித்துவிடுவதற்குள் கேள்.

நிரந்தரம் கிடைக்காவிட்டாலும் சம்பளத்தையாவது உயர்த்தக் கோரும் மாற்றுக் கோரிக்கையையும் அதே மனுவில் சேர்க்கச் சொல். 2016ல் ஜக்ஜித் சிங் வழக்கில், நிரந்தர ஊழியரின் அதே வேலையைச் செய்கிற தற்காலிக ஊழியருக்கும் சம ஊதிய உரிமை உண்டு என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. முழு நேரத் தையல் ஆசிரியையின் கால அட்டவணையை உன்னுடையதோடு பக்கத்தில் வைத்துக் காட்டினால்தான் அது நிற்கும்.

ஞாயிற்றுக்கிழமை ஆணைகளைத் தேதிவாரியாக அடுக்கி எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வா. மனுவுக்கு முன் அனுப்ப வேண்டிய கோரிக்கைக் கடிதத்தைச் சேர்ந்து எழுதி, திங்கள்கிழமை ஒப்புகையோடு ஸ்பீடு போஸ்ட்டில் போட்டுவிடலாம். மூல ஆணைகளை வக்கீல் உட்பட யாரிடமும் கொடுக்காதே. நகல் போதும்.

அன்புடன்,
மாமா