யில்மாஸ் குனேயின் படங்களைத் திரையிடுவோருக்கு ஒரு திறந்த மடல்

பெருமதிப்பிற்குரிய திரைப்பட விழாத் தேர்வாளர்களுக்கும் திரைப்படச் சங்கப் பொறுப்பாளர்களுக்கும்,

வணக்கம். துருக்கிய நடிகரும் திரைக்கதையாசிரியரும் இயக்குநருமான யில்மாஸ் குனேயின் படங்கள் திரையிடப்படும்போது பார்வையாளர்களுக்குத் தரப்படும் அறிமுகக் குறிப்புகளில், சிறையிலிருந்து தப்பிய கலைஞர், பிரான்சின் கான் திரைப்பட விழாவில் 'தங்கப் பனை' என்னும் உயரிய விருதை வென்றவர், அந்நிய மண்ணில் மறைந்தவர் என்ற அளவிலேயே அவருடைய வாழ்க்கை முடிந்துவிடுகிறது. இவை உண்மைதாம். ஆயினும் அவருடைய எழுத்தையும், அதைப் படமாக்கித் தந்தவர்களையும், அவர் கையால் போன ஓர் உயிரையும் விட்டுவிட்டு எழுதப்படும் குறிப்பு அவருக்கே அநீதி என்று நான் உறுதியாக நம்புவதால் இம்மடலை எழுதுகிறேன்.

1937ஆம் ஆண்டு தென் துருக்கியின் அதானா நகருக்கு அருகிலுள்ள யெனிஜே என்னும் சிற்றூரில் ஏழைக் குர்தியக் குடும்பத்தில் பிறந்த அவர், பருத்திக் காட்டில் கூலி வேலை பார்த்தவர். படச்சுருள்களை ஊர் ஊராகக் கொண்டு சேர்க்கும் வேலையும் செய்தவர். 1950களின் இறுதியில் இயக்குநர் அத்திஃப் யில்மாஸிடம் சேர்ந்து எழுதவும் நடிக்கவும் தொடங்கினார். தாம் எழுதிய ஒரு சிறுகதைக்காகப் பொதுவுடைமைப் பிரச்சாரம் செய்ததாகக் குற்றம் சாட்டப்பட்டு 1961இல் சிறை சென்றார். விடுதலையான பின் மளமளவென்று வெளிவந்த அடிதடிப் படங்களால், 'அழகில்லாத ராஜா' என்று எளிய மக்கள் கொண்டாடும் நாயகனாக உயர்ந்தார்.

அந்தப் புகழை அவர் எதற்குப் பயன்படுத்தினார் என்பதையே குறிப்புகள் முதலில் சொல்ல வேண்டும். லுத்ஃபி அகாத் இயக்கத்தில் 1966இல் வெளிவந்த 'எல்லைகளின் சட்டம்' படத்தின் எழுத்தில் பங்கேற்று, சிரிய எல்லையின் கண்ணிவெடி நிலத்தைக் கடந்து ஆடு கடத்திப் பிழைப்பவனாக நடித்தார். தன் மகனாவது பள்ளிக்குப் போகட்டும் என்று தவிக்கும் தகப்பன் அவன். 1980இல் துருக்கியில் இராணுவம் ஆட்சியைக் கைப்பற்றிய பின் அப்படத்தின் ஒரே ஒரு பிரதிதான் எஞ்சியது. அதைக் கொண்டே 2011இல் படம் மீட்டெடுக்கப்பட்டது. 1970இல் அவர் எழுதி, இயக்கி, நடித்த 'நம்பிக்கை' படத்தில் அதானாவின் குதிரைவண்டிக்காரன் ஜப்பாரின் குதிரை கார் மோதிச் செத்துப்போகிறது. கார்க்காரர் மீது நடவடிக்கை எதுவும் இல்லை. லாட்டரிச் சீட்டை நம்பி ஏமாந்தவன் புதையலை நம்பித் தோண்டத் தொடங்குகிறான்; கடைசிக் காட்சியில் கண்கட்டோடு குழியைச் சுற்றிச் சுற்றி வருகிறான். இதைத் துருக்கியத் தணிக்கை தடை செய்ததில் எனக்கு வியப்பில்லை. நாட்டின் வறுமையை அவ்வளவு நேராகக் காட்டிய படம் அது.

அடுத்து, கீழே நான் சொல்லப்போகும் 1974ஆம் ஆண்டுக் கொலை வழக்கில் சிறையிலிருந்தபோது அவர் எழுதிய திரைக்கதைகள். 'மந்தை' (1978), 'எதிரி' (1979) ஆகிய இரண்டையும் வெளியிலிருந்து இயக்கியவர் ஜெகி ஓக்டென். 'யோல்' படத்தை முதலில் எர்டென் கிரால் தொடங்கினார். பின்னர் ஷெரீஃப் கோரன் பொறுப்பேற்று, குனேயின் விரிவான குறிப்புகளைக் கையில் வைத்துக்கொண்டு, இராணுவ ஆட்சியின் கண்ணெதிரிலேயே படம்பிடித்தார். 1981இல் சிறை விடுப்பில் வெளியே வந்து நாட்டை விட்டுத் தப்பிய குனே, சுவிட்சர்லாந்தில் அதன் படத்தொகுப்பை முடித்தார். கைதிகள் ஐவர் விடுப்பில் வீடு திரும்பும் கதை அது. 1982இல் கோஸ்டா காவ்ராஸின் 'மிஸ்ஸிங்' படத்தோடு தங்கப் பனையைப் பகிர்ந்துகொண்ட அப்படத்தைத் துருக்கி மக்கள் 1999 வரை திரையரங்கில் பார்க்க முடியவில்லை. இத்தகைய படத்தை 'குனேயின் யோல்' என்று மட்டும் அச்சிட்டு, ஆபத்து நிறைந்த அந்த நாட்களில் கேமராவுக்குப் பின்னால் நின்ற கோரனின் பெயரை விட்டுவிடுவது எந்த வகையிலும் ஏற்கத்தக்கதன்று.

மறைக்கப்படும் மற்றொன்றைச் சொல்வது எளிதன்று. 1974இல் பருத்திக் கூலிகளைப் பற்றிய 'கவலை' படத்தின் படப்பிடிப்புக்காக அதானா அருகிலுள்ள யூமுர்தாலிக் என்னும் ஊருக்குச் சென்றிருந்தபோது நடந்த தகராறில், நீதிபதி செஃபா முத்லுவைச் சுட்டுக்கொன்ற குற்றத்திற்காக அவருக்கு 19 ஆண்டுச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. அவர் முன்பு எழுத்துக்காகவும், மாணவப் போராளிகளுக்கு அடைக்கலம் தந்ததற்காகவும் சிறை சென்றது வேறு, இது வேறு. 'அரசியல் கைதி' என்ற ஒரே சொல்லில் இவையனைத்தையும் அடக்கும்போது, இறந்தவரின் பெயர் முற்றாகத் துடைக்கப்படுகிறது. குனேயின் படங்களை நெஞ்சார நேசிப்பவன் என்ற முறையிலேயே இதைச் சொல்கிறேன்.

குடியுரிமை பறிக்கப்பட்ட நிலையில், பிரான்சில் 'சுவர்' என்ற கடைசிப் படத்தை எடுத்துவிட்டு, 1984 செப்டம்பர் 9 அன்று பாரிஸில் புற்றுநோயால் காலமானார், வயது 47.

எனவே, அடுத்த முறை அவருக்கான சிறப்புத் திரையிடலைத் திட்டமிடும்போது, ஓக்டென், கோரன் ஆகியோரின் பெயர்களை இயக்குநர் என்ற இடத்தில் முறைப்படி அச்சிடுமாறும், யூமுர்தாலிக் நிகழ்வை நீதிபதியின் பெயரோடு குறிப்பிடுமாறும், 'யோல்' ஒன்றோடு நிறுத்திக்கொள்ளாமல் 'எல்லைகளின் சட்டம்', 'நம்பிக்கை', 'மந்தை' ஆகியவற்றையும் ஒரே தொடரில் காட்டுமாறும் தங்களைப் பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
யில்மாஸ் குனேயின் பார்வையாளன்