கேமராவும் பேனாவும்

அன்புள்ள பாஸ்கரா,

கடிதம் கிடைத்தது. உன் மூட்டு வலி குறைந்ததில் நிம்மதி. இங்கே நடவு முடிந்துவிட்டது, அம்மாவும் நலம்.

கயல்விழி ஒளிப்பதிவு படிக்க வேண்டும் என்கிறாள், கதை எழுதவும் ஆசைப்படுகிறாள், இரண்டும் ஒருவருக்கு ஒத்துவருமா என்று கேட்டிருந்தாய். எனக்கு உடனே சந்தோஷ் சிவன்தான் நினைவுக்கு வந்தார். 'தளபதி', 'ரோஜா', 'இருவர்' என்று நாம் வாய்பிளந்து பார்த்த படங்களுக்கெல்லாம் அவர்தான் ஒளிப்பதிவு. 'தில் சே' படத்தில் நீலகிரி மலை ரயிலின் கூரைமேல் ஆடும் பாட்டை யாரால் மறக்க முடியும்?

ஆனால் கயல் முதலில் பார்க்க வேண்டியது, 'தில் சே' வந்த அதே 1998-இல் அவர் மற்றவர்களோடு சேர்ந்து எழுதி, தானே இயக்கி, ஒளிப்பதிவும் செய்த 'தி டெரரிஸ்ட்'. மனித வெடிகுண்டாகப் போக ஒப்புக்கொண்ட ஒரு பெண்ணின் கதை. துப்பாக்கியும் துரத்தலுமாகவே எடுத்திருக்கலாம். கேமராவோ அந்தப் பெண்ணாக நடித்த ஆயிஷா தார்கரின் முகத்தை விட்டு விலகவே மனமில்லாமல் நிற்கிறது. தோலில் வழியும் தண்ணீர், இமைத் துடிப்பு, மூச்சுச் சத்தம். வசனம் சொற்பம். அவள் உறுதி ஆட்டம் காண்பதை நாமே பக்கத்திலிருந்து பார்த்துவிடுகிறோம். வேறொருவர் மட்டுமே எழுதியிருந்தால் அங்கே இரண்டு பக்கத்துக்குப் பேச்சு வந்திருக்கும். முகமே போதும் என்று எழுதும்போதே தெரிந்திருக்கிறது பார், அதுதான் கேமராக்காரர் பேனா பிடிப்பதன் பலன். சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதும் அதற்குக் கிடைத்தது.

எல்லாம் அப்படி அமைந்துவிடவில்லை. அவர் இயக்கிய 'அசோகா' கண்ணுக்கு விருந்து, கதை எனக்கு ஒட்டவில்லை. 2011-இல் தான் இயக்கிய 'உறுமி' என்ற மலையாளப் படத்தின் தயாரிப்பிலும் இறங்கினார். 2014-இல் ஈழப் போரை வைத்து எடுத்த 'இனம்', இங்கே எதிர்ப்பு கிளம்பியதும் சில நாட்களிலேயே திரையரங்குகளிலிருந்து எடுக்கப்பட்டது. ஒளிப்பதிவு மட்டும் செய்கிறவர் சம்பளத்தை வாங்கிக்கொண்டு அடுத்த படத்துக்குப் போய்விடலாம். எழுதியவரும் தயாரித்தவரும் அப்படி நகர முடியாது. கோபம் அவர்களைத் தேடித்தான் வரும். இதையும் அவளிடம் மறைக்காமல் சொல்.

2024-இல் கான் விழாவில் ஒளிப்பதிவாளர்களுக்கான பியர் ஆஞ்ஜெனியூ விருதை அவருக்குக் கொடுத்தார்கள். ஆசியாவிலேயே அதை முதலில் பெற்றவர் அவர். எனக்கு அவ்வளவு மகிழ்ச்சி!

தரமணி திரைப்படக் கல்லூரிக்கும், அவர் படித்த புனே திரைப்படக் கல்லூரிக்கும் கயல் விண்ணப்பிக்கட்டும். பொங்கலுக்கு வருகிறேன். எழுதி வைத்திருக்கும் கதைகளை அப்போது எனக்குப் படிக்கத் தரச் சொல்.

அன்புடன்,
சேகர்