நடந்ததும் நடித்ததும்

ஆசிரியர் அவர்களுக்கு,

ஞாயிறு இணைப்பில் வந்த மௌனப்படக் கட்டுரை, 1898 பிப்ரவரி 15 அன்று ஹவானா துறைமுகத்தில் வெடித்து மூழ்கிய அமெரிக்கப் போர்க்கப்பல் மெயின் பற்றிய படங்கள் எல்லாவற்றையும் ‘ஆவணம்’ என்றே சொல்கிறது. இது சரியில்லை. எடிசன் நிறுவனத்துக்காக ஒளிப்பதிவாளர் வில்லியம் பேலி எடுத்தவை, அதாவது துறைமுகத்தில் கிடந்த கப்பலின் சிதைவும் அமெரிக்காவின் ஃபுளோரிடாவிலுள்ள கீ வெஸ்ட்டில் நடந்த இறுதி ஊர்வலமும், உண்மையானவை. அதே ஆண்டு பிரெஞ்சு இயக்குநர் மெலியே எடுத்த, மூழ்கிய கப்பலில் முக்குளிப்போர் சடலங்களை மீட்கும் படமோ பிரான்சில் வரைந்த திரைக்கு முன்னால் நடித்தது. மெலியே மேல் குற்றமில்லை, அன்று கடலுக்கடியில் திரைப்படக் கேமராவை இறக்க வழி ஏது? ஆனால் 260 பேருக்கு மேல் இறந்த, அடுத்து ஒரு போருக்கே தூண்டுதலான சம்பவம் இது. சாட்சியையும் நாடகத்தையும் கலக்கக் கூடாது.

எங்கள் திரைப்படச் சங்கத்தில் இரண்டையும் குறிப்பில்லாமல் திரையிட்டபோது பலர் முக்குளிப்போரைத்தான் நிஜம் என்று நம்பினார்கள், ஊர்வலம் அவர்களுக்குச் சுவாரசியமாகவே இல்லை. இனி இப்படிப்பட்ட படங்களை அச்சிடும்போது எங்கே எடுத்தது, நடந்ததா நடித்ததா என்று கீழே ஒரு வரி போடுங்கள். பேலியின் படங்கள் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தின் இணையதளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன, அதையும் குறிப்பிடலாம்.

ஒரு வாசகர்