அன்று அவர் சொன்னது நிஜம்

அன்புள்ள நண்பனுக்கு,

உன் கடிதம் வந்து பத்து நாளாகிறது. அம்மாவுக்குக் கண் ஆபரேஷன், அதற்காக அலைந்ததில் உடனே பதில் போட முடியவில்லை. இப்போது நன்றாக இருக்கிறார். பேப்பரைத் தானே எடுத்துப் படிக்கிறார்.

நீ சொன்ன 'சைலோ' தொடரைப் பார்த்துவிட்டேன். முதல் சீசனின் கடைசி எபிசோடை மட்டும் இரண்டு முறை. "பத்தாயிரம் உயிரைக் காப்பாற்ற சைலோவை ஆளும் பெர்னார்டு ஒரு பொய் சொன்னால் என்ன தப்பு?" என்று கேட்டிருந்தாய். மனசு அதையே சுற்றி வருகிறது.

சைலோ என்பது பூமிக்கு அடியில் 144 தளம், அதற்குள்தான் அந்தப் பத்தாயிரம் பேரும். வெளியே விஷக்காற்று. அது உண்மைதான். ஆனால் தண்டனையாக வெளியே அனுப்பப்படுகிறவனின் ஹெல்மெட்டுக்குள் பச்சைப் புல்லையும் நீல வானத்தையும் காட்டுகிறார்கள். வெளியே இருக்கிற கேமராவைத் துடைக்கவே மாட்டேன் என்று சொல்லிவிட்டுப் போனவன்கூட, 'ஐயோ, உள்ளே இருக்கிறவர்கள் இதைப் பார்க்க வேண்டுமே' என்று கம்பளித் துணியால் கேமராக் கண்ணாடியைத் துடைக்கிறான். உள்ளே இருப்பவர்களுக்குத் தெரிவதோ அதே பாழ்நிலம், இன்னும் கொஞ்சம் தெளிவாக. அப்புறம் அவன் சுருண்டு விழுவது. உண்மையைச் சொல்லத் தவிக்கிற கையையே பொய்க்கு வேலை வாங்குகிறார்களே, அதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை.

உடையை ஒட்டும் டேப்பையும் வேண்டுமென்றே மட்டமாகக் கொடுக்கிறார்கள். அப்படி வெளியே அனுப்பப்பட்ட மெக்கானிக் ஜூலியட் பிழைப்பது ஸ்டோர்ஸில் இருப்பவர்கள் நல்ல டேப் கொடுத்ததால். (நீ ஸ்டோர்ஸில் இருந்தவன், அந்த இடத்தில் கை தட்டியிருப்பாய்.) ஹெல்மெட்டில் பறக்கிற பறவைக் கூட்டம், முன்பு வீடியோவில் பார்த்த அதே கூட்டம், அதே வரிசை என்று அவள் பிடித்துவிடுகிறாள். மெஷினோடு பழகியவள் கண்ணுக்குத்தான் அது படும்.

உண்மை தெரிந்தால் எல்லோரும் வெளியே ஓடிச் சாவார்கள் என்கிற பெர்னார்டின் பயம் பொய்யில்லை, ஒத்துக்கொள்கிறேன். 2024 நவம்பரில் வந்த இரண்டாம் சீசனின் முதல் எபிசோடில், வேறொரு சைலோவின் வாசலில் ஜூலியட் எலும்புக்கூடுகளுக்கு நடுவே நடக்கிறாள். கலகம் செய்து, கதவைத் திறந்து, மொத்தமாக வெளியே ஓடி வந்து செத்தவர்கள். "பார்த்தாயா, உண்மை உண்மை என்று போனால் இதுதான் கதி" என்பாய். எனக்கு அப்படித் தோன்றவில்லை. வெளியே போனால் சாவு என்று அவர்களுக்கும் சொல்லித்தானே வளர்த்திருப்பார்கள்? காலமெல்லாம் மறைத்தவர்கள் ஒரு நிஜத்தைச் சொன்னால் யார் காதில் ஏறும்? புலி வருது கதைதான். அவர்களைக் கொன்றது அந்தப் பழைய பொய்கள் என்றுதான் நான் சொல்வேன்.

நாம் வேலை பார்த்த பஞ்சு மில் ஞாபகம் வந்தது. பஞ்சைப் பிரித்துச் சுத்தம் செய்கிற புளோரூமில் பொறி பறந்து பஞ்சு புகையும்போதெல்லாம், "ஒண்ணுமில்லை, மெஷினை நிறுத்தாதே" என்பாரே சூப்பர்வைசர். எத்தனை தடவை தண்ணீர் வாளியோடு ஓடியிருக்கிறோம்! ஒருநாள் ராத்திரி ஷிப்டில் டியூப்லைட் சோக் கருகி நாற்றம் அடித்தது. அவ்வளவுதான். அன்றும் "ஒண்ணுமில்லை" என்று தொண்டை கிழியக் கத்தினார். அன்று அவர் சொன்னது நிஜம். யார் நின்றோம்? அத்தனை பேரும் ஒரே படிக்கட்டில் விழுந்தடித்து இறங்கினோம். ரீலிங்கில் நூல் சுற்றுகிற அக்காவுக்குக் கால் முறிந்தது.

போன வாரம் அந்த அக்காவைச் சந்தையில் பார்த்தேன். இன்னும் காலைச் சாய்த்துத்தான் நடக்கிறார். உன்னை ரொம்ப விசாரித்தார். பொங்கலுக்கு வரும்போது ஒரு எட்டு போய்ப் பார்த்துவிட்டு வருவோம்.

அன்புடன்,
உன் நண்பன்