வேப்பமரத்தடிக்கு எது ஆகும்?

அன்புள்ள வள்ளியப்பா,

நீ அனுப்பிய படத்தைப் பார்த்தேன். உன் தோட்டத்துப் பீச் (beech) மரத்தடியில் புல்கூட முளைக்கவில்லை என்று போன வருஷம் புலம்பிக்கொண்டிருந்தாய், இப்போது தரையே தெரியாமல் பச்சை மூடிக் கிடக்கிறது. நீ வைத்த யூஃபோர்பியா ரோபியே என்ற அந்தத் தரைமூடிச் செடி நல்ல தேர்வுதான். ஆனால் வரும்போது அதில் ரெண்டு வேரைப் பெட்டியில் வைத்துக் கொண்டுவந்து பள்ளத்தூர் வீட்டு வேப்பமரத்தடியில் நடலாமா என்று கேட்டிருக்கிறாயே, அது வேண்டாம்ப்பா. 2003இல் வந்த செடித் தொற்றுத்தடுப்பு ஆணைப்படி இறக்குமதி அனுமதியும் செடியில் நோய், பூச்சி இல்லை என்று உங்கள் நாட்டில் தருகிற நலச் சான்றிதழும் இல்லாமல் நடுகிற செடியை உள்ளே விடமாட்டார்கள். விட்டாலும் இங்கே அது தாங்காது. வடமேற்குத் துருக்கிக் காட்டுச் செடி அது, பனியையும் பொறுக்கும், மரத்தின் வேரோடு தண்ணீருக்குப் போட்டியும் போடும், ஆனால் நம் ஊர் வைகாசியில் பகலில் 40 டிகிரியைத் தொட்டு ராத்திரியும் செம்மண் தரை ஆறாமல் கிடக்குமே, அந்தச் சூடு அதற்குப் பழக்கமில்லை.

பெட்டியில் செடி கடத்தும் யோசனை உனக்கு மட்டும் வந்ததில்லை, தெரியுமா? இங்கிலாந்துக்கு அது வந்ததே அப்படித்தான் என்று சொல்வார்கள். ராப் என்ற சீமாட்டி 1890களில் துருக்கி போனவர், தொப்பிப் பெட்டிக்குள் வைத்துக் கொண்டுவந்தாராம். நம் பாட்டன்மார் பர்மாவிலிருந்து தேக்குத் தூணையே கொண்டுவந்து நிறுத்தியவர்கள், அவர்கள் யாருக்கும் ஒரு செடியைத் தூக்கி வரத் தோன்றவில்லையா என்று எனக்கு ஒரு சின்னக் குறை உண்டு.

உன் செடி விஷயத்துக்கு வருகிறேன். வசந்தத்தில் மஞ்சள் கலந்த பச்சையில் பூக்கொத்து எடுக்கும். அது வாடினதும் அந்தத் தண்டை அடியோடு வெட்டிவிடு, பூத்த தண்டு மறுபடி பூக்காது, அடியில் கிளம்புகிற புதுத் தண்டுதான் அடுத்த வருஷத்துப் பூ. வெட்டும்போது கையுறை போட்டுக்கொள். நம் வேலிக் கள்ளி வகையறாதான் அதுவும், ஒடித்தால் பால் வரும், தோலில் பட்டால் எரிந்து தடிக்கும், கண்ணில் பட்டால் விபரீதம். பட்டுவிட்டால் நிறையத் தண்ணீர் விட்டுக் கழுவிக்கொண்டே இருந்துவிட்டு உடனே டாக்டரிடம் போ. திருகுகள்ளி வேலியில் விளையாடப் போனால் ஆத்தா எப்படி விரட்டும் என்று உனக்கே ஞாபகம் இருக்கும், அதே அதட்டல்தான் இப்போது உன் பேரப்பிள்ளைகளுக்கும். இன்னொன்று, அது தரைக்குள்ளேயே தண்டு ஓட்டிப் பரவும். மரத்தடி வறட்சியில் அந்த ஓட்டம் மெதுவாக இருப்பதால்தான் உனக்கு அடக்கமாகத் தெரிகிறது. பக்கத்தில் எருப்போட்ட பாத்தி இருந்தால் அங்கே புகுந்து மற்ற செடியை நெருக்கிவிடும், அந்த ஓரத்தை மட்டும் வருஷத்துக்கு ஒருமுறை மண்வெட்டியால் வெட்டிவிடு.

இனி பள்ளத்தூருக்கு. உன் வீட்டுப் பின்கட்டைப் போய்ப் பார்த்தேன். வேப்பமரம் நன்றாக விரிந்திருக்கிறது, அடியில் செம்மண் இறுகிப்போய்க் கிடக்கிறது. சிறு தூறல் என்றால் இலையிலேயே நின்றுவிடுகிறது, தரைக்கு வருவதையும் வேர் உறிஞ்சிவிடுகிறது. போதாததற்கு, வீட்டைப் பார்த்துக்கொள்ளும் அக்கா விழுகிற சருகையெல்லாம் தினம் வாரி எரிக்கிறது. மரம் தானே போட்டுக்கொள்கிற மூடாக்கை நாம் கூட்டி எடுத்தால் மண்ணில் ஈரம் எப்படி நிற்கும்? அதை நிறுத்தச் சொல்லிவிட்டு வந்தேன், முகம் கொடுக்கவில்லை.

அங்கே வைக்க வேண்டியது மருள். நம் பக்கத்து வறண்ட காடுகளிலும் வேலியோரங்களிலும் பட்டை பட்டையாகப் பச்சை இலையோடு நிற்குமே, முன்காலத்தில் நார் எடுத்து வில்லுக்கு நாண் திரித்தது, அதுதான். உன் ரோபியே செய்கிற வேலையைத்தான் இதுவும் செய்கிறது: வருஷம் முழுக்கப் பச்சை, கெட்டி இலை, மண்ணுக்குள் கிழங்கு ஓட்டிப் பரவுவது. கூடவே இலைக்குள் தண்ணீரைச் சேர்த்து வைத்துக்கொண்டு பகலில் இலைத்துளைகளை மூடி ராத்திரியில் திறந்து மூச்சு விடும், அந்த வித்தைதான் நம் வெயிலுக்கு வேண்டியது. பூ பெரிதாகச் சொல்வதற்கில்லை. கொஞ்சம் வெளிச்சம் விழுகிற மேற்கு ஓரத்தில் கற்பூரவல்லியைப் பரவவிடலாம், இருமலுக்கும் ஆகும். நர்சரியில் மஞ்சள் பூவோடு ஒரு படர்கொடி காட்டி, வெடேலியா, சீக்கிரம் மூடிவிடும் என்பார்கள், வாங்கிவிடாதே, அது கிணற்றடி வரை போய்விடும், பிடுங்கி மாளாது.

அக்காவுக்கு இதிலும் ஒரு பயம், மருள் புதரில் பாம்பு அண்டும் என்கிறது. சும்மா ஒதுக்கிவிடக்கூடிய பயம் இல்லை, சருகும் அடர்த்தியும் சேர்ந்தால் எலி வரும், எலி வந்தால் அதுவும் வரும். அதனால் நடைபாதைக்கும் பின்கதவுக்கும் பக்கத்தில் வெறும் மணலாக விட்டுவிட்டு, மரத்தைச் சுற்றி நடுவில் மட்டும் வைக்கலாம் என்று பேசி வைத்திருக்கிறேன். பெரிய வேரை வெட்டாமல் இடுக்குப் பார்த்துக் கிழங்கைச் சாய்த்து வைத்து, ஒரு கூடை மக்கிய எருவும் இலைமக்கும் போட்டு, முதல் கோடைக்கு மட்டும் தண்ணீர் காட்டினால் அப்புறம் அது பாட்டுக்கு வரும்.

ஐப்பசி மழைக்கு முன்னால் நட்டுவிட்டால் நல்லது. புரட்டாசிக்குள் ஒரு வரி எழுது, ஆள் வைத்து வேலையை ஆரம்பித்துவிடுகிறேன், கூலியை நீ வரும்போது பார்த்துக்கொள்வோம். தங்கச்சியைக் கேட்டதாகச் சொல், மூட்டுவலி எப்படி இருக்கிறது என்றும் எழுது.

அன்புடன்,
சொக்கலிங்கம்
காரைக்குடி